நீல்ஸ் ரூபெர்க்: இவரை வள்ளல் என்று சொல்லலாமா?

கப்பல்கணக்கு:
போன ஞாயிறு கோபன்ஹேகனில் விடாத மழை. குடையும் இல்லை. தேசியக் கலைக்கூடத்துக்குள் ஒதுங்கினேன். யென்ஸ் யூல் 1797 வாக்கில் வரைந்த பெரிய குடும்பப் படம் ஒன்று அங்கே இருக்கிறது. மரத்தடியில் ஒரு கிழவர் உட்கார்ந்திருக்கிறார். பக்கத்தில் வெள்ளை உடுப்பில் மருமகள். மகன் நின்றுகொண்டு, கையை நீட்டி எதிரே கிடக்கும் நிலத்தைக் காட்டுகிறான். "எல்லாம் நம்முடையது, பாருங்கள் அப்பா" என்று அவன் சொல்வதுபோல எனக்குப் பட்டது. ஆனால் கிழவர் முகத்தில் நிலம் வாங்கிய பூரிப்பு தெரியவில்லை. வரவுசெலவை மனசுக்குள் கூட்டிக்கொண்டிருக்கிற முகம்.

அந்தக் கிழவர்தான் நீல்ஸ் ரூபெர்க். (இங்குள்ளவர்கள் சொல்வது நம் காதில் 'ரூபாயா' மாதிரி விழும். வியாபாரிக்குப் பொருத்தமான பெயர்தான்.) மகன் யோஹான் கிறிஸ்டியன், மருமகள் எங்கல்கே.

ரூபெர்க் 1725இல் யூட்லாந்தின் வடக்கே சாலிங் பகுதியில் ஒரு குடியானவன் வீட்டில் பிறந்தவர். சின்ன வயதிலேயே ஆல்போர்க்கில் வியாபாரம் செய்த உறவினரிடம் போய்ச் சேர்ந்தார். அங்கே தொழில் கற்று, பிறகு கோபன்ஹேகன் வந்தார். கப்பல் காப்பீடு, ஆசிய வியாபாரம், மேற்கிந்தியத் தீவு வியாபாரம் என்று எல்லாவற்றிலும் கைவைத்து, நாட்டின் மிகப் பெரிய வணிகர்களில் ஒருவரானார். அப்புறம் பண்ணைகளாக வாங்கினார். தெற்கு ஸீலாந்தில் கெங் என்ற கிராமத்தில் 1774இல் ஒரு நூற்புப் பள்ளி தொடங்கினார். அது பெரிய லினன் தொழிற்சாலையாக வளர்ந்தது. 1804இல் இறந்தார்.

இங்குள்ள புத்தகங்களில் 'வணிகர், கொடையாளர்' என்று ஒரே மூச்சில் எழுதுகிறார்கள். எனக்கு அந்த இரண்டுக்கும் நடுவில் இருக்கிற கால்புள்ளிதான் உறுத்துகிறது. வியாபாரத்தில் வந்ததைக் கொடையாகக் கொடுத்தாரா, கொடையையும் வியாபாரமாகத்தான் செய்தாரா? உங்கள் கருத்து என்ன?

பொறையார்ப்பையன்:
அண்ணே, ஆசிய வியாபாரம் என்றால் எங்கள் தரங்கம்பாடிதானே! பொறையாரிலிருந்து சைக்கிளை மிதித்தால் கோட்டை வந்துவிடும். சின்ன வயதில் அந்த டேனிஷ் கோட்டை மதில்மேல் உட்கார்ந்து கடலைப் பார்ப்பதுதான் எங்களுக்கு ஞாயிற்றுக்கிழமை. 1620இல் தஞ்சாவூர் ரகுநாத நாயக்கர் இடம் கொடுத்தார், 1845இல் இந்தியாவில் இருந்த மற்ற டேனிஷ் இடங்களோடு சேர்த்து வெள்ளைக்காரனுக்குப் பன்னிரண்டரை லட்சம் ரூபாய்க்கு விற்றுவிட்டுப் போனார்கள். பள்ளிக்கூடத்தில் படித்தது அவ்வளவுதான். நடுவில் இருக்கிற 225 வருஷத்தில் யார் என்ன வாங்கினான், விற்றான் என்று எங்களுக்கு யாரும் சொல்லவில்லை.

ரூபெர்க் எங்கள் ஊருக்கு வந்திருக்கிறாரா? ஏதாவது தெரு, கல்லறை, கல்வெட்டு?

சும்மாவந்தவன்:
தரங்கம்பாடி என்றால் சீகன்பால்கு பற்றிப் பேசாமல் எப்படி? 1706இல் வந்து இறங்கி, தமிழ் படித்து, அச்சகம் வைத்து

மட்டுறுத்துநர்:
சீகன்பால்குக்கு ஏற்கெனவே தனி இழை இருக்கிறது, 40 பக்கம் ஓடிவிட்டது. அங்கே போகவும். மேலே உள்ளவரின் மீதிப் பதிவை அங்கே நகர்த்திவிட்டேன்.

கப்பல்கணக்கு:
பொறையார்த் தம்பிக்கு: இவர்கள் மாதிரி ஆட்கள் ஊர் ஊராகப் போகவில்லை. கோபன்ஹேகனில் மேசைக்கு முன்னால் உட்கார்ந்தே கடலைக் கட்டி மேய்த்தார்கள். கொஞ்சம் விவரமாகவே சொல்கிறேன். இந்தக் கதையில் சுவையான பகுதியே இதுதான்.

1732இல் ஆசியக் கம்பெனி என்று ஒன்று அரசரிடம் உரிமம் வாங்கித் தொடங்கியது. ரூபெர்க்கும் ஒரு கட்டத்தில் அதன் இயக்குநர்களில் ஒருவர். கம்பெனிக்கு உண்மையான சோறு போட்டது இந்தியா இல்லை, சீனா. கான்டனில் தேயிலை வாங்கி வந்து கோபன்ஹேகனில் ஏலம் போடுவார்கள். இவ்வளவு சின்ன நாடு அவ்வளவு தேநீரைக் குடிக்க முடியுமா? பெரும்பகுதி மறுபடி வெளியே போனது. அதில் ஏகப்பட்டது இரவோடு இரவாக இங்கிலாந்துக் கரையில் இறங்கியது. அங்கே தேயிலைக்கு வரி 119 சதவீதம். 1784இல் பிரிட்டிஷ் பாராளுமன்றம் அதை ஒரே வெட்டாக 12.5 சதவீதத்துக்கு இறக்கியது. கடத்தல் அதோடு படுத்தது, டேனிஷ் தேயிலை வியாபாரமும் கூடவே சரிந்தது.

இந்திய வியாபாரம் வேறு மாதிரி. 1772இல் அதைத் தனி வணிகர்களுக்கும் திறந்துவிட்டார்கள். கம்பெனிக்குக் கட்டணம் கட்டினால் யார் வேண்டுமானாலும் கப்பல் அனுப்பலாம். 1777இல் தரங்கம்பாடி, வங்காளத்தில் செராம்பூர் இரண்டையும் அரசரே கம்பெனியிடமிருந்து எடுத்துக்கொண்டார். ரூபெர்க், டெ கோனின்க் போன்றவர்கள் எழுந்தது இந்தக் காலத்தில்தான்.

முதல் எங்கிருந்து வந்தது என்கிறீர்கள்? வங்காளத்திலும் சென்னையிலும் கொள்ளையாகச் சம்பாதித்த ஆங்கிலக் கம்பெனி அதிகாரிகளிடமிருந்துதான்! அவர்களுக்கு ஒரு தலைவலி இருந்தது. பணத்தை ஊருக்கு அனுப்ப வழியில்லை. சொந்தமாக ஐரோப்பாவுக்குச் சரக்கு அனுப்பத் தடை. கம்பெனி மூலம் அனுப்பலாம், ஆனால் அதற்கு உச்சவரம்பு. ஆகவே டேனிஷ் வணிகரின் ஆளிடம் ரூபாயைக் கொடுத்து ஒரு மாற்றுச் சீட்டு வாங்கிக்கொள்வார்கள். அந்த ரூபாயில் இவர்கள் துணி வாங்கிக் கப்பலேற்றுவார்கள். துணி கோபன்ஹேகனில் ஏலத்தில் விற்ற பிறகு, சீட்டுக்கு உரிய பணம் ஐரோப்பாவில் கைக்கு வரும். ஊரான் பணத்தில் சரக்கு, ஏலத்தில் கிடைக்கிற லாபம் மட்டும் தன் பையில். ஒரு வெள்ளிக்காசுகூடக் கோபன்ஹேகனிலிருந்து இந்தியாவுக்கு அனுப்ப வேண்டியதில்லை.

இதற்குமேல் போர் வேறு. அமெரிக்க விடுதலைப் போரில் ஆங்கிலேயனும் பிரெஞ்சுக்காரனும் டச்சுக்காரனும் ஒருவர் கப்பலை ஒருவர் பிடித்துக்கொண்டிருந்தபோது டென்மார்க் நடுநிலை. சிவப்பில் வெள்ளைச் சிலுவை போட்ட கொடி பறந்தால் கப்பலைத் தொட மாட்டார்கள். அந்தக் கொடிக்கே விலை வந்தது. 1793க்குப் பிறகு மறுபடி அதே கதை.

யூட்லாந்துக்காரி:
வணக்கம் பிள்ளைகளே. நீங்கள் எழுதினதை வாசிச்சுச் சிரிச்சுப்போட்டன். இதுக்கு எங்கட ஊரில பேர் இருக்கு, உண்டியல். தொண்ணூறுகளில யாழ்ப்பாணத்துக்குக் காசு அனுப்ப வேற வழியே இல்லை. இஞ்ச ஒருத்தரிட்ட குரோனைக் குடுத்தால் அங்க இன்னொருத்தர் வீட்டை வந்து ரூபாயைக் குடுத்திட்டுப் போவார். நடுவில ஒரு துண்டும் இருக்காது. டென்மார்க்காரருக்கு நாங்கள் புதுசாகச் சொல்லிக்குடுத்தம் எண்டு நினைச்சன், அவை இருநூறு வருசத்துக்கு முதலே செய்திருக்கினம்!

நான் 35 வருசமாக ஸ்கீவேக்குக் கிட்ட இருக்கிறன். சாலிங் இந்தப் பக்கம்தான். லிம்ஃபியோர்ட் தண்ணி மூண்டு பக்கமும் சூழ்ந்த நிலம். காத்தெண்டால் அப்பிடியொரு காத்து. ஒரு விசயத்தை நீங்கள் மேலால தொட்டிட்டு விட்டிட்டீங்கள். குடியானவன் வீட்டுப் பொடியன் அந்தக் காலத்தில ஊரை விட்டுப் போறதெண்டால் லேசில்லை. 1733இல ஒரு சட்டம் வந்தது, ஸ்டவ்ன்ஸ்போன் எண்டு பேர். பண்ணைக்காரன்ர அனுமதி இல்லாமல் ஆம்பிளைப்பிள்ளைகள் பிறந்த இடத்தை விட்டு அசையக் கூடாது. முதலில 14 வயசில இருந்து 36 வரைக்கும், பிறகு கூட்டிக் கூட்டி 1764இல 4 வயசில இருந்து 40 வரைக்கும் எண்டு ஆக்கினவை. நாலு வயசுப் பிள்ளை எங்க ஓடப்போகுது? ஆனால் சட்டம் அப்பிடித்தான். பட்டாளத்துக்கும் ஆள் வேணும், பண்ணைக்கும் ஆள் வேணும்.

அந்தச் சட்டம் வரேக்க ரூபெர்க்குக்கு எட்டு வயசு. அவரோட விளையாடின பொடியள் அங்கயே கிடந்து உழுதிருப்பினம். இவர் வெளிய வந்தவர். அந்தப் படத்தில இருக்கிற முகத்துக்கு அதுதான் காரணம் எண்டு நான் சொல்லுவன். நிலத்தைப் பாத்தால் மகனுக்குச் சொத்துத் தெரியும், தகப்பனுக்கு நிலத்தோட கட்டிவைச்ச ஆக்கள் தெரியும்.

1788 ஜூன் 20 அந்தச் சட்டத்தை நீக்கினவை. அதுக்கு ஒரு கல்தூண் கோபன்ஹேகன் ரயில் நிலையத்துக்குக் கிட்ட நிக்குது. அதைக் கட்டி முடிச்சது 1797, தம்பி சொன்ன படத்தின்ர அதே வருசம்.

கப்பல்கணக்கு:
அக்கா, தினமும் அந்தத் தூணைத் தாண்டித்தான் வேலைக்குப் போகிறேன். அடியில் என்ன எழுதியிருக்கிறது என்று இன்றுவரை பார்த்ததில்லை. நாளைக்குப் பார்க்கிறேன்.

ஊசிநூல்:
நான் வரலாற்று ஆள் இல்லை. இருபது வருஷமாக நூல் வியாபாரம், கரூர்ப் பக்கம். கெங் நூற்புப் பள்ளி என்றதும் நிமிர்ந்து உட்கார்ந்துவிட்டேன். துணி விஷயத்தை நான் சொல்கிறேன்.

லினன் என்பது ஆளிச் செடியின் தண்டிலிருந்து எடுக்கிற நார். நம் ஊரில் ஆளிவிதை விற்கிறார்களே, அதே செடி. பருத்தி மாதிரி பறித்தோம், கொட்டை எடுத்தோம், நூற்றோம் என்று முடியாது. செடியை வேரோடு பிடுங்க வேண்டும், அறுத்தால் நார் நீளம் போய்விடும். தண்ணீரில் ஊறப்போட்டு அழுகவிட வேண்டும். ஒரு நாள் கூடினால் நாரே மக்கிவிடும், குறைந்தால் கட்டையிலிருந்து பிரியாது. அப்புறம் காயவைத்து, தண்டை முறித்து, அடித்துச் சக்கையை உதிர்த்து, ஆணிச் சீப்பில் இழுத்து இழுத்துத் தலைமுடி மாதிரி ஆக்க வேண்டும். அதற்குப் பிறகுதான் ராட்டை. நூற்கும்போது விரலை ஈரமாக்கிக்கொண்டே இருக்க வேண்டும், இல்லையென்றால் நூல் பிசிறடிக்கும். நெய்த துணி பழுப்பாக இருக்கும். அதைக் காரத்தில் வேகவைத்து, புளித்த மோரில் நனைத்து, புல்வெளியில் வாரக்கணக்கில் விரித்துப் போட்டு வெயிலில் வெளுக்க வேண்டும். டென்மார்க்கில் என்ன வெயில் அடிக்கும் என்று எனக்குத் தெரியாது!

இதில் முட்டுக்கட்டை தறி இல்லை. ஒரு தறியை நிற்காமல் ஓட்டவே பல ராட்டைகள் சுற்ற வேண்டும். நூல் மோசமாக இருந்தால் நெசவாளி என்னதான் கெட்டிக்காரனாக இருந்தாலும் பாவு அறுந்துகொண்டே இருக்கும். அதனால் ரூபெர்க் தொழிற்சாலையைத் தறியிலிருந்து தொடங்காமல் நூற்பு சொல்லிக்கொடுக்கிற பள்ளியிலிருந்து தொடங்கியிருக்கிறார் பாருங்கள், அங்கேதான் மனிதர் நிற்கிறார். இது தொழில் தெரிந்தவன் புத்தி. தருமம் செய்கிறவனாக இருந்தால் கஞ்சித்தொட்டி திறந்திருப்பான்.

என் கட்சி: அவர் வள்ளல் இல்லை, நல்ல முதலாளி. நல்ல முதலாளி கிடைப்பது வள்ளல் கிடைப்பதைவிடக் கஷ்டம்.

கப்பல்கணக்கு:
இதோடு ஒன்று சேர்த்துக்கொள்ளுங்கள். கெங்கில் படித்துத் தேறியவர்கள் அங்கேயே கூலிக்கு நூற்றுக்கொண்டு இருந்துவிடவில்லை. நாட்டின் பிற பகுதிகளுக்கு நூற்பு ஆசிரியைகளாகப் போனார்கள். வெறும் முதலாளிக்கு இது எதற்கு? நாமே ஆள் பழக்கி அடுத்தவனுக்கு அனுப்பினால் போட்டிதானே வளரும்.

ஊசிநூல்:
அந்த இடத்தில் கொஞ்சம் இறங்கி வருகிறேன். எங்கள் பக்கத்தில் பழகிய ஆளை அடுத்த பட்டறைக்கு விடுவதென்றால் பாதி உயிர் போய்விடும்.

எதிர்க்கேள்வி:
இவ்வளவு நேரம் எல்லாரும் ஒரு கிழவரின் முகத்தைப் பார்த்து உருகிக்கொண்டிருக்கிறீர்கள். 'மேற்கிந்தியத் தீவு வியாபாரம்' என்று முதல் பதிவில் மூன்றே சொல்லில் தாண்டிப் போய்விட்டீர்கள். அந்த வியாபாரத்தில் என்ன வந்தது? சர்க்கரை. சர்க்கரையை யார் விளைவித்தார்கள்? ஆப்பிரிக்காவிலிருந்து சங்கிலியில் கொண்டுவந்தவர்கள். செயின்ட் தாமஸ், செயின்ட் ஜான், 1733இல் பிரான்ஸிடம் வாங்கிய செயின்ட் குரோய், மூன்றும் அப்போது டேனிஷ் தீவுகள். இன்றைய கானாவின் கரையில் அக்ராவில் கிறிஸ்டியன்ஸ்போர்க் கோட்டை. அங்கே ஆளை வாங்கத் துப்பாக்கி, சாராயம், துணி கொடுத்தார்கள்.

பொறையார்ப் பையன் கேட்ட கேள்விக்கும் இங்கேதான் விடை. அந்தத் துணியில் ஒரு பங்கு இந்தியத் துணி. சோழமண்டலக் கரையில் நெய்து, வங்காளத்தில் நெய்து, கோபன்ஹேகன் ஏலத்துக்குப் போய், அங்கிருந்து ஆப்பிரிக்கக் கப்பலில் ஏறியது. நம் நெசவாளிக்கு அது எங்கே போகிறது என்று தெரியாது. கோபன்ஹேகன் மேசையில் உட்கார்ந்திருந்தவர்களுக்குத் தெரியும்.

இந்தக் கூட்டத்தின் தலைமகன் ஹைன்ரிக் கார்ல் ஷிம்மல்மான். 1724இல் பொமரேனியாவில் பிறந்த வணிகர். பிரஷ்யப் படைக்குத் தானியம் கொடுத்துப் பணம் பார்த்தார். படை சாக்ஸனியைப் பிடித்தபோது மைசன் பீங்கான் இருப்பை வாங்கி விற்று மேலும் பணம் பார்த்தார். அப்புறம் டேனிஷ் அரசரின் நிதி நிர்வாகமே அவர் கைக்கு வந்தது, 1779இல் கவுண்ட் பட்டமும். 1763இல் தீவுகளில் இருந்த அரசரின் தோட்டங்களையும் கோபன்ஹேகன் சர்க்கரை ஆலையையும் சேர்த்து வாங்கினார். ஹெலபெக்கில் துப்பாக்கிப் பட்டறை அவருடையது. சுமார் ஆயிரம் அடிமைகள் அவருடையவர்கள். ஆளை வாங்கத் துப்பாக்கி, ஆளை வேலை வாங்கத் தோட்டம், விளைந்ததைச் சுத்தப்படுத்த ஆலை என்று முழு வட்டமும் ஒரே குடும்பத்தின் கையில். இவரையும் ஊருக்கு உபகாரி என்றுதான் கொண்டாடினார்கள். ஹாம்பர்க்கின் வான்ட்ஸ்பெக்கில் 2006இல் சிலை வைத்தார்கள். ஜனங்கள் சிவப்புச் சாயத்தை ஊற்றினார்கள். 2008இல் எடுத்துவிட்டார்கள்.

கப்பல்கணக்கு:
குட்டு சரியாகத்தான் விழுந்தது. தாண்டிப் போனது என் தவறு.

ஆனால் ஷிம்மல்மானையும் ரூபெர்க்கையும் ஒரே தராசில் போட நான் தயாரில்லை. ஒருவர் மனிதர்களையே சொத்தாக வைத்திருந்தவர். இன்னொருவர், நான் அறிந்த வரையில், அந்தச் சொத்து விளைவித்த சரக்கை ஏற்றி இறக்கியவர். குறைவான குற்றம் என்று வேண்டுமானால் சொல்லுங்கள், ஒரே குற்றம் இல்லை.

எதிர்க்கேள்வி:
குறைவு என்றாலும் கணக்கில் எழுத வேண்டும். அவ்வளவுதான் நான் கேட்பது.

பொறையார்ப்பையன்:
எங்கள் தாத்தா வழியில் கொள்ளுத்தாத்தா வரைக்கும் தறிதான். ஆப்பிரிக்காவுக்குப் போன துணியில் எங்கள் ஆட்கள் நெய்ததும் இருக்குமோ என்று இப்போது ஒரு மாதிரி இருக்கிறது. இதற்கு முன் அந்தக் கோட்டையைப் பார்த்து எனக்கு இப்படித் தோன்றியதே இல்லை.

எதிர்க்கேள்வி:
தம்பி, கூலிக்கு நெய்தவன்மேல் பழி இல்லை. அதைப் போட்டுக் குழப்பிக்கொள்ளாதே.

ஷிம்மல்மான் வீட்டிலேயே இன்னொரு முடிச்சு இருக்கிறது, அதையும் சொல்லிவிடுகிறேன். மகன் எர்ன்ஸ்ட் நிதியமைச்சர் ஆனார். ஐரோப்பாவில் முதலில் அடிமை வாணிபத்தைத் தடைசெய்தது டென்மார்க் என்று இங்கே பெருமையாகச் சொல்வார்களே, அந்த 1792 மார்ச் ஆணைக்குப் பின்னால் இருந்தவர் இவர்தான். ஆனால் தடை அமலுக்கு வந்தது 1803இல். நடுவில் பத்து வருஷ அவகாசம். 'அதற்குள் வேண்டிய ஆளை வாங்கி நிரப்பிக்கொள்ளுங்கள்' என்று தோட்டக்காரர்களுக்கு அரசே கடன் கொடுத்தது. குறிப்பாகப் பெண்களை வாங்க ஊக்கம். ஏன்? இனிமேல் கப்பலில் ஆள் வராது, பிள்ளை பெற்றுப் பெருக்கிக்கொள்ள வேண்டும். சட்டத்தைக் கொண்டுவந்தவருக்கே தீவுகளில் தோட்டமும் அடிமைகளும் இருந்தார்கள். அடிமைமுறையே ஒழிந்தது 1848இல்.

இதே எர்ன்ஸ்ட்தான் ஜெர்மன் கவிஞர் ஷில்லர் நோயில் விழுந்து கஷ்டப்பட்டபோது, அகுஸ்டன்போர்க் இளவரசரோடு சேர்ந்து ஆண்டுக்கு ஆயிரம் தாலர் வீதம் மூன்று வருஷம் கொடுக்க முன்வந்தவர். விடுதலையைப் பாடிய கவிஞனுக்குச் சர்க்கரைத் தோட்டக்காரர் கொடுத்த பணம். இதை எந்த வகையில் சேர்ப்பீர்கள்?

ஊசிநூல்:
தோட்டக்காரர்களுக்குக் கடன் கொடுத்த கதையைப் படித்துவிட்டுக் கடையில் அரை மணி நேரம் சும்மா உட்கார்ந்திருந்தேன்.

சும்மாவந்தவன்:
சீகன்பால்கு இல்லாமல் இன்னொரு ஆள் பற்றிச் சொல்லலாமா? மட்டுறுத்துநர் ஐயா கோபிக்க வேண்டாம், இவரும் ரூபெர்க் வயசுதான்.

யோஹான் ஃபிரெடெரிக் கிளாசன். இவரும் 1725இல் பிறந்தவர், இன்றைய ஆஸ்லோவில். ஃபிரெடெரிக்ஸ்வெர்க் என்ற ஊரில் பீரங்கி வார்ப்படமும் வெடிமருந்து ஆலையும் நடத்திப் பணம் குவித்தார். பிள்ளை இல்லை. 1792இல் சாகும்போது சொத்து முழுவதும் ஒரு அறக்கட்டளைக்கு. பயனுள்ள ஆட்களை உருவாக்க வேண்டும், தொழில் குன்றிய இடத்தில் தொழிலை வளர்க்க வேண்டும், ஏழைகளுக்கு உதவ வேண்டும். உயிலின் சாரம் இதுதான். அந்தப் பணத்தில் கோபன்ஹேகனில் 1796இல் நூலகம் திறந்தார்கள், பொதுமக்கள் போய்ப் படிக்கலாம். ஃபால்ஸ்டர் தீவில் விவசாயப் பள்ளி. நூலகம் 1867இல் போய்விட்டது, அறக்கட்டளை மட்டும் இன்றைக்கும் காடும் நிலமுமாக ஓடிக்கொண்டிருக்கிறது.

பீரங்கி விற்றுப் புத்தகசாலை. எனக்கு இவர்தான் பிடித்திருக்கிறது. நல்லவன் என்று நடிக்கவில்லை, கணக்கை மட்டும் ஒழுங்காக எழுதிவைத்துவிட்டுப் போயிருக்கிறார்.

மட்டுறுத்துநர்:
இது பொருத்தமான பதிவு. இருக்கட்டும்.

கப்பல்கணக்கு:
கிளாசன் பற்றிச் சொன்னது என் அடுத்த கேள்விக்கு வசதியாகப் போயிற்று. கிளாசனுடையது நின்றது, ரூபெர்க்குடையது நிற்கவில்லை. காரணம் எளிது: ஒருவர் சொத்தை அறக்கட்டளையில் பூட்டினார், மற்றவர் கம்பெனியையும் பண்ணையையும் மகனுக்கு விட்டார்.

ரூபெர்க் இறந்து மூன்றே வருஷத்தில், 1807 செப்டம்பரில், ஆங்கிலக் கப்பற்படை கோபன்ஹேகனைக் குண்டு போட்டு எரித்தது. டேனிஷ் போர்க்கப்பல்களை அள்ளிக்கொண்டு போனது. நடுநிலைக் கொடியின் மவுசு அன்றோடு தீர்ந்தது. தரங்கம்பாடியையும் ஆங்கிலேயர் பிடித்துச் சில வருஷம் வைத்திருந்தார்கள். 1813இல் அரசாங்கமே திவால். படத்தில் கை நீட்டி நிலத்தைக் காட்டுகிறானே மகன், அவன் காலத்தில், 1820 வாக்கில், கம்பெனி மூழ்கியது. டெ கோனின்க்கின் கம்பெனியும் கிட்டத்தட்ட அதே சமயத்தில் போனது. ஒரு தலைமுறையில் ஏறியது அடுத்த தலைமுறையில் இறங்கிவிட்டது.

எர்ன்ஸ்ட் பற்றி எதிர்க்கேள்வி கேட்டதற்கு என்னிடம் பதில் இல்லை. ஷில்லர் வாங்கிய ஆயிரம் தாலரைச் சேர்க்க எந்தத் தனி வகையும் கிடையாது, தோட்டக் கணக்கிலேயே ஒரு செலவாகத்தான் எழுத வேண்டும் என்று படுகிறது. ரூபெர்க்கின் கெங் செலவுக்கும் அதே விதிதானா என்று இரண்டு நாளாக யோசிக்கிறேன். துணி, தேயிலை, காப்பீடு, சர்க்கரை எல்லாம் ஒரே பெட்டிக்குள் விழுந்த பிறகு எந்தக் காசில் ராட்டை வாங்கினார் என்று பிரிக்க முடியாது. பிரிக்க முடியாது என்பதே பதில்போல. முதல் பதிவில் 'வள்ளல்' என்று போட்ட தலைப்பை மாற்றலாமா என்று பார்க்கிறேன்.

எதிர்க்கேள்வி:
மாற்ற வேண்டாம். கேள்விக்குறி இருக்கிறதல்லவா, போதும்.

யூட்லாந்துக்காரி:
நான் ஒரு சின்ன விசயம் சொல்லவேணும். இஞ்ச வந்த புதுசில நானும் ஒரு தையல் தொழிற்சாலையில வேலை செய்தன். பேர் வேண்டாம். ஆறு மாசம் பழக்கினவை, ஒரு வார்த்தை டேனிஷ் தெரியாது, கையைப் பிடிச்சுத்தான் காட்டித் தந்தவை. எட்டு வருசத்தில பூட்டிப்போட்டு வேற நாட்டுக்குக் கொண்டுபோட்டினம். எங்களை ஒருத்தரும் கேக்கேல்லை. அது கோபந்தான். ஆனால் அண்டைக்குப் பழகின கை இண்டைக்கும் வேலை செய்யுது, என்ர மகளின்ர கலியாணச் சீலைக்கு பிளவுஸ் நான்தான் தைச்சன். முதலாளியை நான் வாழ்த்தவும் மாட்டன், திட்டவும் மாட்டன். கெங்கில படிச்ச பெட்டைகளும் அப்பிடித்தான் நினைச்சிருப்பினமோ தெரியாது. அவையின்ர பேர் ஒண்டும் ஒரு இடமும் இல்லை, ரூபெர்க்குக்கு மட்டும் சுவர் நிறையப் படம்.

இன்னொண்டு. பழைய சாமான் சந்தையில 40 குரோனுக்கு ஒரு லினன் மேசைவிரிப்பு வாங்கினான். கன பழசு. மூலையில சிவப்பு நூலால ரெண்டு எழுத்தும் ஒரு இலக்கமும் சின்னனாகக் குத்தியிருக்கு. அந்தக் காலத்துப் பெட்டைகள் கலியாணத்துக்கு முதல் இப்பிடிக் குத்தி அடுக்கி வைப்பினமாம். ஊசிநூல் தம்பி, இது கையால நூற்றதோ மெசினோ எண்டு எப்பிடிப் பாக்கிறது?

ஊசிநூல்:
அக்கா! உடனே ஒரு பூதக்கண்ணாடி எடுங்கள். துணியை ஜன்னல் வெளிச்சத்துக்கு எதிரே பிடியுங்கள். ஒரே ஒரு நூலைக் கண்ணால் பிடித்துக்கொண்டு நீளமாகப் போங்கள். மில் நூல் என்றால் ஒரே பருமனாக ஓடும். கைநூல் என்றால் ஓர் இடத்தில் பருத்து, ஓர் இடத்தில் மெலிந்து, நடுவில் நார் ஒட்டுப்போட்ட சின்ன முடிச்சு தெரியும். இரண்டு ஓரத்தையும் பாருங்கள், கைத்தறியாக இருந்தால் ஓரம் வரிசையாக நிற்காது. அப்புறம் அகலம். கைத்தறி அகலம் குறைவு என்பதால் மேசைவிரிப்பை நடுவில் இரண்டு துண்டாகத் தைத்து இணைத்திருப்பார்கள். நடுவில் தையல் இருக்கிறதா?

தயவுசெய்து வாஷிங் மெஷினில் போட்டுவிடாதீர்கள்.

யூட்லாந்துக்காரி:
ஐயோ, மூண்டு தரம் போட்டிட்டன்.

நடுவில தையல் இருக்கு தம்பி. சின்னச் சின்னத் தையல், கையால. இவ்வளவு நாளும் கிழிஞ்சதை ஆரோ ஒட்டினவை எண்டு நினைச்சுக்கொண்டிருந்தன். நூலைப் பாத்தன், ஒரு இடத்தில தடிச்சுப் பிறகு மெலிஞ்சு போகுது.

கப்பல்கணக்கு:
அந்த எழுத்து என்ன அக்கா? 'ரூ' ஏதாவது?

யூட்லாந்துக்காரி:
இல்லை. 'அ', 'க' மாதிரி ரெண்டெழுத்து, பக்கத்தில 6. ஆறாவது விரிப்பு போல.